ஒற்று மிகாத புள்ளி

எங்கள் அலுவலகத்தில் அவரை ‘அகராதி’ என்றுதான் கூப்பிடுவோம். கணக்குப் பாடப்புத்தகங்களுக்குக் கலைச்சொல் ஆக்கித் தருவது அவர் வேலை, அதனால் அந்தப் பெயரை மரியாதை என்றும் எடுத்துக்கொள்ளலாம். இன்னொரு அர்த்தம் யாருக்கும் தெரியாதது இல்லை. முகத்துக்கு நேரே கூப்பிட்டாலும் கோபித்துக்கொள்ள மாட்டார். “எந்த அர்த்தத்துல கூப்பிடறீங்கன்னு உங்க மூஞ்சியே சொல்லுது” என்று சொல்லிவிட்டு மறுபடி குனிந்துகொள்வார்.

நான் அதே அறையில் படம் போடுகிறவன். வட்டம், முக்கோணம், வளைகோடு என்று கணக்குப் புத்தகத்தில் வருகிற எல்லாக் கோடும் என் மேசையிலிருந்து போனதுதான். எங்கள் அறைக்கு நேர் கீழே அச்சுக்கூடம். இயந்திரம் ஓடத் தொடங்கினால் அகராதியின் மேசையில் டீ டம்ளர் தானாக நகரும். ஒரு கையால் அதைப் பிடித்துக்கொண்டு மறு கையால் எழுதுவார். புதிதாக ஒரு சொல் அகப்பட்டால் உடனே எழுதிவிட மாட்டார். மிட்டாயைக் கன்னத்தில் ஒதுக்கி வைத்துக்கொள்கிற மாதிரி அதை வாய்க்குள் வைத்துக்கொண்டு அரை நாள் உதட்டை அசைத்துக்கொண்டே இருப்பார். பிறகு என் பக்கம் திரும்பி, “சொல்லிப் பாருங்க” என்பார். நான் திக்காமல் சொல்லிவிட்டால் அந்தச் சொல் தேறிவிட்டது.

புத்தகத்தில் பாடம் எழுதியவர் பெயர் வரும். சரிபார்த்தவர் பெயர் வரும். அட்டை வரைந்தவர் பெயர்கூட வரும். சொல் செய்தவர் பெயர் மட்டும் வராது. அவருடைய வீட்டிலேயே அவர் என்ன வேலை செய்கிறார் என்று சரியாகத் தெரியாது. கணவர் பேருந்துப் பணிமனையில் மெக்கானிக். யாராவது கேட்டால், “கவர்மெண்ட் புக்குல எழுத்துப் பிழை பாக்கறாங்க” என்பார். அகராதி அதைத் திருத்தியதில்லை. ஊரிலுள்ள பிழையை எல்லாம் திருத்துகிறவர் இந்த ஒன்றை மட்டும் ஏன் விட்டார் என்று நான் ஒருமுறை கேட்டேன். “நானே சொன்னா பெருமையடிக்கற மாதிரி இருக்கும். அவங்களா கேக்கட்டும்” என்றார். கேட்கவில்லை. அந்தக் கேட்காமை உள்ளே புளித்துக்கொண்டே இருந்தது.

அவர்கள் வீடு இரண்டு தளம். மேலே அகராதியும் மெக்கானிக்கும் அவர்களுடைய ஒரே மகளும். கீழே மெக்கானிக்கின் தம்பி குடும்பம். தம்பி மனைவி மேல்நிலைப் பள்ளியில் கணக்கு டீச்சர். அகராதிக்கு ஓரகத்தி முறை. வீட்டில் எல்லோரும் ‘சின்னவ’ என்றோ, ‘சித்தி’ என்றோ கூப்பிட, அகராதி மட்டும் ஆரம்பத்திலிருந்தே ‘டீச்சர்’ என்றுதான் கூப்பிட்டார்.

இதில் ஒரு கொடுமை உண்டு. அந்தப் பெண்ணைப் பார்த்துப் பிடித்துப்போய்க் கொழுந்தனுக்குப் பேசி முடித்ததே அகராதிதான். “கணக்குப் படிச்ச பொண்ணு, எனக்குப் பேச்சுத் துணையா இருக்கும்” என்று சொல்லியிருக்கிறார். வந்த பெண் எல்லோருக்கும் பேச்சுத் துணையாகிவிட்டது. அழகிலோ நகையிலோ வந்த பொறாமை இல்லை அது. அப்படி இருந்திருந்தால் அகராதியே அதைக் கேவலம் என்று துடைத்துப் போட்டிருப்பார். டீச்சர் ஒன்று சொன்னால் கூடமே சிரிக்கும். அதே விஷயத்தை அகராதி சொன்னால் “ம், சரி” என்பார்கள். டீச்சர் செடிக்குத் தண்ணீர் ஊற்றினாலும் நாலு பேர் கூட நின்று பார்ப்பார்கள். எல்லாவற்றுக்கும் மேலே, மகள். பள்ளி விட்டு வந்ததும் பையைப் படிக்கட்டிலேயே போட்டுவிட்டுக் கீழ்வீட்டுக்குள் போய்விடுவாள். அகராதி வேலையிலிருந்து வந்து, “பாப்பா எங்க?” என்று கேட்பார். “கீழ” என்பார் மெக்கானிக்.

“அந்த ‘கீழ’ங்கற ஒரு சொல்லுக்கு மட்டும் எனக்கு இதுவரைக்கும் மாத்துச் சொல் கெடைக்கல” என்று என்னிடம் சொல்லியிருக்கிறார். சிரித்துக்கொண்டுதான் சொன்னார். கண் சிரிக்கவில்லை.

அந்த வருடம் மேல்நிலை வகுப்புக் கணக்குப் புத்தகத்தைப் புதிதாகப் போட்டார்கள். அதில் ஒரு மூலையில் கிடந்தது ஆக்னோட் என்கிற சொல். கல்லூரியில் கணக்குப் படித்தவர்களிலேயே முக்கால்வாசிப் பேர் கேள்விப்பட்டிருக்க மாட்டார்கள். பாடம் எழுதிய பேராசிரியருக்கு அதன்மேல் ஏனோ ஆசை, சேர்த்துவிட்டார். 

விஷயம் இதுதான். ஒரு சமன்பாட்டுக்கு வளைகோடு வரைகிறோம். சமன்பாட்டை நிறைவு செய்கிற புள்ளிகளையெல்லாம் சேர்த்தால் கோடு கிடைக்கும். சில சமன்பாடுகளில் ஒரு வேடிக்கை நடக்கும். கோடு ஒரு பக்கமாகத் தன் பாட்டுக்குப் போய்க்கொண்டிருக்கும். அதிலிருந்து விலகி, எதனோடும் ஒட்டாமல் ஒரே ஒரு புள்ளி நிற்கும். அதைச் சமன்பாட்டில் போட்டுப் பார்த்தால் கச்சிதமாகப் பொருந்தும். அதற்கு இந்தப் பக்கமோ அந்தப் பக்கமோ துளி நகர்ந்தாலும் பொருந்தாது. கணக்குப்படி அதுவும் அந்தக் கோட்டைச் சேர்ந்ததுதான். ஆனால் பென்சிலை எடுக்காமல் கோட்டிலிருந்து அதற்குப் போக வழியே கிடையாது. அந்தப் புள்ளிக்குத்தான் ஆக்னோட் என்று பெயர். 

அகராதி இந்தச் சொல்லோடு பட்ட பாட்டை நான் பக்கத்திலிருந்து பார்த்தேன். மூலச் சொல்லில் ஊசி இருக்கிறது, கணு இருக்கிறது என்று தேடிப் பிடித்து முதலில் ‘ஊசிக்கணு’ என்றார். “பல் டாக்டர் ஞாபகம் வருது மேடம்” என்றேன். முறைத்துவிட்டு அந்தச் சொல்லை அடித்துவிட்டார். ‘தனிப்புள்ளி’ என்றால் எந்தப் புள்ளியும் தனிப்புள்ளிதான். ‘ஒதுங்குபுள்ளி’ என்றால் வெட்கப்பட்டு ஒதுங்கின மாதிரி இருக்கிறது. கடைசியில் ஒரு நாள் மத்தியானம் சாப்பாட்டு டப்பாவை மூடாமலேயே எழுந்து வந்தார்.

“தனித்துறைபுள்ளி. சொல்லிப் பாருங்க.”

“தனித்துறைப்புள்ளி.”

“ப் போடாதீங்க! தனித்து உறையற புள்ளி. உறைன்னா தங்கறது, குடியிருக்கறது. வினைத்தொகை. ஒற்று மிகாது.”

“போட்டா என்ன ஆகும்?”

“துறை ஆயிடும். டிபார்ட்மெண்ட்.”

நல்ல சொல்தான் அது. எழுதிப் பார்த்தால் அழகாக இருந்தது. ஆனால் ஒரு ஒற்றெழுத்தை நம்பி உயிரை வைத்துக்கொண்டிருந்தது. அதை நான் அப்போது சொல்லவில்லை. அவர் முகம் அவ்வளவு மலர்ந்து நான் அதற்கு முன் பார்த்ததில்லை.

புத்தகம் முழுதாக வரும் முன் சில பள்ளிகளுக்கு மாதிரிப் பாடம் அனுப்புவது வழக்கம். அனுப்பினோம். எங்களுக்கு வந்த கட்டைப் பிரித்துப் பார்த்தபோது இரண்டு விபரீதம் நடந்திருந்தது. கீழே எழுத்துக் கோத்தவர் பொறுப்பாக எல்லா இடத்திலும் ‘ப்’ சேர்த்து ‘தனித்துறைப்புள்ளி’ என்று ஆக்கியிருந்தார். இன்னொன்று என் படம். நான் வளைகோட்டை வரைந்து, விலகி ஒரு புள்ளியும் வைத்திருந்தேன். தகடு தயாரிக்கிற ஆள் அதைத் தூசி என்று நினைத்துச் சுத்தமாகத் துடைத்துவிட்டார். புள்ளியைப் பற்றின பாடத்தில் புள்ளியே இல்லை. அகராதி கீழே இறங்கிப்போய் அச்சுக்கூடத்தையே ஒரு பிடி பிடித்தார். பிடித்து என்ன பயன், பிரதிகள் போய்ச் சேர்ந்துவிட்டன.

போய்ச் சேர்ந்த பள்ளிகளில் டீச்சருடைய பள்ளியும் ஒன்று. அந்த வகுப்பில்தான் அகராதியின் மகளும் படித்தாள்.

ஒரு சாயந்திரம் மகள் மேலே வந்து சாப்பிட்டுக்கொண்டே சொன்னாளாம். “அம்மா, இன்னிக்கு கிளாஸ்ல செம கூத்து. புக்குல தனித்துறைப்புள்ளின்னு போட்டிருக்கு. பசங்க எல்லாம், இது எந்த டிபார்ட்மெண்ட் மிஸ், இதுக்கு மந்திரி யாரு மிஸ்னு ஒரே ரகளை. படத்துல புள்ளியையே காணோம். சித்தி என்ன பண்ணாங்க தெரியுமா? போர்டுல கோட்ட வரைஞ்சு, இது கரைன்னு சொன்னாங்க. அப்புறம் தள்ளி ஒரு புள்ளி வச்சு, இது தீவு, தீவுப்புள்ளின்னாங்க. அவ்வளவுதான், எல்லாருக்கும் புரிஞ்சுடுச்சு.”

அகராதி கையிலிருந்த கரண்டியைக் கீழே வைத்தார்.

“தீவுன்னா சுத்தித் தண்ணி இருக்கணும். இங்க தண்ணி எங்க?”

“சுத்தி ஒண்ணுமே இல்லல்ல? அதுதாம்மா தண்ணி.”

மெக்கானிக் சிரித்தார். “சின்னவ கெட்டிக்காரி” என்றார். அது போதாதா.

மறுநாள் அலுவலகத்தில் இதை என்னிடம் சொன்னபோது அவர் குரல் மெல்லியதாக இருந்தது. “கேட்ட உடனே தெரிஞ்சு போச்சு. அதுதான் சொல்லு. நான் அத்தன நாளா தேடினது அதத்தான். அவ சாக்பீசோட நின்ன எடத்துல எடுத்துட்டா.” கொஞ்ச நேரம் கழித்து, “அதுவும் வேற யாராவது எடுத்திருந்தா நானே போய்க் கை குடுத்திருப்பேன்” என்றார்.

அந்தச் சொல் ஒரு வகுப்போடு நிற்கவில்லை. டீச்சர் தன்னுடைய ஆசிரியர் குழுவில் போன் வழியாக அதைப் போட, பள்ளிக்குப் பள்ளி பரவியது. மாதிரிப் பாடத்தைப் பற்றிக் கருத்துக் கேட்டதற்கு வந்த பதில்களில் பாதிக்கு மேல், ‘தீவுப்புள்ளி என்று மாற்றினால் என்ன?’ என்று கேட்டிருந்தன. பிரிவுத் தலைவர் நல்ல மனிதர், சண்டை என்றால் ஒத்துக்கொள்ளாத உடம்பு. அகராதியைக் கூப்பிட்டு, “உங்க அபிப்பிராயம் எழுதிக் குடுங்க” என்றார்.

அகராதி எழுதிக் கொடுத்தார். நான் படித்தேன். தீவுக்குப் பரப்பு உண்டு, புள்ளிக்குப் பரப்பு கிடையாது, எனவே மாணவர் மனத்தில் தவறான எண்ணம் விழும். தீவு புவியியல் சொல், ஒரு துறைச் சொல்லை மறு துறைக்குள் விட்டால் குழப்பம். உவமையாகத் தோன்றுகிற சொல் நாளடைவில் கணக்கை மறைத்துவிடும். ஒரு வரிகூடத் தள்ளிவிட முடியாத வாதம். ஆனால் எனக்கு அவரைத் தெரியும். வழக்கமாகப் பென்சிலில் எழுதி, அழித்து, திருத்துவார். இதைப் பேனாவில், அழுத்தி, ஒரே மூச்சில் எழுதியிருந்தார். 

“மேடம், இது அந்தச் சொல்லு மேல கோவமா, இல்ல...” என்று இழுத்தேன்.

“படம் போடறவங்க படத்தப் பாத்தா போதும்” என்றார்.

இறுதி முடிவுக்கு ஒரு கூட்டம் வைத்தார்கள். ஆசிரியர்கள் சார்பில் ஒருவரை அழைக்க வேண்டும். ஆசிரியர்கள் யாரை அனுப்புவார்கள், டீச்சரைத்தான் அனுப்பினார்கள்.

அன்றைக்குக் காலையில் இரண்டு பேரும் ஒரே வீட்டிலிருந்து கிளம்பி, ஒரே பேருந்தில், பக்கத்துப் பக்கத்து இருக்கையில் வந்தார்கள். அந்தப் பயணத்தை அகராதி எனக்கு எத்தனையோ தடவை சொல்லியிருக்கிறார், ஒவ்வொரு தடவையும் ஒரு சொல் மாறாமல்.

“அக்கா, உங்க ஆபீசுக்கு வர்றது எனக்கு ஒரே படபடப்பா இருக்கு” என்றாராம் டீச்சர். “ஆமா, இந்தச் சொல்லெல்லாம் அங்க யாரு அக்கா வைக்கறாங்க? உங்களுக்குத் தெரியுமா?”

“தெரியும்.”

“யாரோ வயசான ஆளு மாதிரி தோணுது. வாயில நுழையாத பேரா வைக்கறாரு.”

அகராதி ஜன்னல் பக்கம் பார்த்துக்கொண்டே சொன்னார். “இருக்காரு ஒருத்தரு. கொஞ்சம் முசுடு.”

டீச்சர் கள்ளமில்லாமல் சிரித்தார். “பாவம், நான் ஏதாவது சொன்னா கோவிச்சுக்குவாரா?”

“சொல்லிப் பாரு.”

ஏன் உண்மையைச் சொல்லவில்லை என்று நான் கேட்டேன். “அவ வந்து எல்லாரு முன்னாடியும் தடுமாறணும்னு நெனச்சேன்” என்றார் அகராதி. ஒளிவு மறைவு இல்லாமல் சொன்னார்.

கூட்ட அறையில் நீள மேசை. ஒரு முனையில் பிரிவுத் தலைவர், மறு முனையில் பாடம் எழுதிய பேராசிரியர். நான் படங்களோடு ஓரமாக. அகராதி டீச்சருக்கு நேர் எதிரே உட்கார்ந்தார். மற்றப் பாடங்கள் முடிந்து இந்தச் சொல் வந்தது. தலைவர் டீச்சரைப் பேசச் சொன்னார்.

டீச்சர் வகுப்பில் நடந்ததை அப்படியே நடித்துக் காட்டினார். ஒரு பையன் குரலில், “மிஸ், இந்தத் துறைக்கு மந்திரி யாரு மிஸ்?” என்று கேட்டதும் மேசையே குலுங்கியது. பேராசிரியர் கண்ணாடியைக் கழற்றிக் கண்ணைத் துடைத்துக்கொண்டார். “சொல்லு வச்சவரு பெரிய படிப்பாளியாத்தான் இருக்கணும் சார்” என்று டீச்சர் முடித்தார். “ஆனா பிள்ளைங்களப் பாத்து ரொம்ப நாள் ஆயிருக்கும்னு நெனைக்கறேன்.”

மறுபடி சிரிப்பு. அகராதியைத் தவிர நாங்கள் இரண்டு பேர்தான் சிரிக்கவில்லை. நானும் தலைவரும். தலைவர் தண்ணீர் பாட்டிலைத் திறந்தார், மூடினார். “அது வந்து... அந்தச் சொல்ல ஆக்கினது நம்ம மேடம்தான்” என்று அகராதியைக் காட்டினார்.

டீச்சர் முகத்திலிருந்த ரத்தம் எங்கே போயிற்று என்று தெரியவில்லை. “அக்கா... நீங்களா?”

அகராதி காத்திருந்த தடுமாற்றம் இதோ எதிரே நடந்துகொண்டிருந்தது. அதைப் பார்க்க அவர் முகத்தில் ஒரு திருப்தி வந்ததை நான் கண்டேன். ஆனால் டீச்சர் தடுமாற்றத்தோடு நிற்கவில்லை. கண் கலங்கி, தலைவர் பக்கம் திரும்பினார்.

“சார், எனக்குத் தெரியாது. மன்னிச்சுடுங்க. அக்கா வச்ச சொல்லே இருக்கட்டும். அவங்க யோசிக்காம வச்சிருக்க மாட்டாங்க. நாங்க சொல்லிக் குடுத்துக்கறோம். பழகினா வந்துடும்.”

தலைவருக்கு உயிர் வந்தது. “அப்ப சரி, பழைய சொல்லே இருக்கட்டும்” என்று பேனாவை எடுத்தார். பேராசிரியரும் தலையாட்டினார். பெரியவர்களுக்கு விட்டுக்கொடுக்கிற பெண் என்று எல்லோரும் டீச்சரை ஒரு பார்வை பார்த்தார்கள். அந்தப் பார்வையை அகராதியும் பார்த்தார்.

நாற்காலி பின்னால் இழுபடுகிற சத்தம் கேட்டது. அகராதி எழுந்து நின்றிருந்தார்.

“எழுதாதீங்க சார். பழகினா வந்துடும்னு சொல்ல வேண்டி வந்தா அது உசுரு இல்லாத சொல்லு. தனித்துறைன்னு எழுதினா யாரும் தனித் துறைன்னுதான் படிப்பாங்க. நம்ம அச்சுக்கூடத்துலயே அப்படித்தான் படிச்சாங்க. பிள்ளைங்களக் குத்தம் சொல்லி என்ன பண்றது? ஒரு ‘ப்’ இருக்கா இல்லையான்னு பாத்துத்தான் அர்த்தம் தெரியும்னா அத வகுப்புல வச்சு நடத்த முடியாது.”

பேராசிரியர் காகிதத்தைப் புரட்டினார். “ஆனா மேடம், தீவுக்குப் பரப்பு இருக்குன்னு ஒரு ஆட்சேபம் வந்திருக்கே. நியாயமாத்தானே இருக்கு?”

“அத எழுதினது நான்தான் சார். தப்பா எழுதிட்டேன். மேப்பப் பாருங்க, சின்னத் தீவெல்லாம் புள்ளியாத்தான் போட்டிருக்கும். யாரும் பரப்பு எங்கன்னு கேக்கறதில்ல. அந்தத் தீவு எந்த நாட்டுதுன்னு கேட்டா, கரையில இருக்கற நாட்டுதுதான். சட்டம் ஒண்ணு, கொடி ஒண்ணு. ஆனா கால் நனையாம நடந்து போக முடியாது. இந்தப் புள்ளியும் அதேதான். சமன்பாடு ஒண்ணு, ஆனா கோட்டு வழியா போய்ச் சேர முடியாது. இதுக்கு மேல அந்தச் சொல்லு என்ன செய்யணும்?”

பேராசிரியர் கை தட்டினார், மற்றவர்களும் சேர்ந்துகொண்டார்கள். தீவுப்புள்ளி அன்றைக்குப் புத்தகத்தில் ஏறியது. கூட்டம் கலைகிறபோது ஆளாளுக்கு வந்து, “தான் பெத்த சொல்லையே விட்டுக் குடுக்க எவ்வளவு பெரிய மனசு வேணும்” என்று அகராதியிடம் சொன்னார்கள். டீச்சர் ஓடி வந்து கையைப் பிடித்துக்கொண்டார். அகராதி கையை இழுத்துக்கொள்ளவும் இல்லை, திருப்பிப் பிடிக்கவும் இல்லை.

அப்புறம் குடிதண்ணீர்க் குழாய் பக்கத்தில் நானும் அகராதியும் தனியாக நின்றோம்.

“பெரிய மனசாம்” என்றார். “அவ குடுத்து நான் வாங்கறதா? என் சொல்லயே எனக்குப் பிச்சை போட வர்றா. அதுக்கு அது செத்தே போகட்டும்னு தோணுச்சு. நானே கொன்னுட்டேன். அவ்வளவுதான் சார் நடந்தது.” டம்ளரில் தண்ணீர் நிரம்பி வழிந்துகொண்டிருந்தது. குழாயை மூட மறந்துவிட்டார்.

வீட்டில் அதற்குப் பிறகு நடந்ததை அவர் எதிர்பார்க்கவில்லை. கூட்டத்தில் நடந்த அத்தனையையும் டீச்சர் அன்று சாயந்திரமே கூடத்தில் எல்லோருக்கும் நடித்துக் காட்டிவிட்டார். இந்த முறை கதாநாயகி அகராதி. மெக்கானிக் வாயைத் திறந்தபடி கேட்டார். “அப்ப நீ பிழை பாக்கலயா? சொல்லே நீதான் பண்றியா?” என்றார். மறுநாள் பணிமனையில் எஞ்சினுக்கு அடியில் படுத்துக்கொண்டே அதைப் பத்துப் பேருக்குச் சொன்னாராம். மகள் கீழ் வகுப்புப் பழைய புத்தகங்களையெல்லாம் பரணிலிருந்து இறக்கி, அம்மா பக்கத்தில் உட்கார்ந்து, “இது நீங்களா? இதுவும் நீங்களா?” என்று கேட்டுக் கேட்டுப் பார்த்தாள். சில வாரம் பள்ளிப் பை படிக்கட்டில் கிடக்கவில்லை, நேரே மேலே வந்தது. அந்த நாட்களில் அகராதி அலுவலகத்துக்குத் தலையில் கொஞ்சம் எண்ணெய் கூடப் பூசிக்கொண்டு, பாட்டு முணுமுணுத்துக்கொண்டு வந்தார்.

ஆனால் அந்த நல்ல பெயரும் டீச்சர் வாங்கித் தந்தது. இந்த நினைப்பு வந்ததும் பாட்டு நின்றுவிட்டது.

இதற்கிடையில் அந்தச் சொல் புத்தகத்தை விட்டு வெளியே இறங்கியது. பிள்ளைகள் வீட்டுக்குக் கொண்டுபோனார்கள், வீட்டிலிருந்து தெருவுக்கு வந்தது. எங்கேயாவது ஒருவன் ஒதுங்கி நின்றால், “என்னடா தீவுப்புள்ளி, இங்க வா” என்றார்கள். கடைசி இருக்கையில் ஒற்றையாக உட்கார்ந்திருந்த ஒருவரிடம், “அந்தத் தீவுப்புள்ளி, டிக்கெட் எடுத்தாச்சா?” என்று பேருந்து நடத்துநர் கேட்டதை அகராதி தன் காதால் கேட்டார்.

“தம்பி, ஒரு நிமிஷம்” என்று நடத்துநரைக் கூப்பிட்டார். “தனியா இருக்கறதெல்லாம் தீவுப்புள்ளி இல்ல. எல்லாருக்கும் இருக்கற விதி அதுக்கும் பொருந்தணும். அவரு டிக்கெட் எடுத்திருந்தாத்தான் தீவுப்புள்ளி. எடுக்கலன்னா சும்மா தனியா உக்காந்திருக்கற ஆளு.”

நடத்துநர் அவரை ஏற இறங்கப் பார்த்தார். “நீங்க டீச்சரா?” என்று கேட்டார்.

இதைச் சொல்லிவிட்டு அகராதி என்னிடம் அழாத குறையாக, “டீச்சரான்னு கேக்கறான் சார்” என்றார். எனக்குச் சிரிப்பை அடக்க முடியவில்லை. நல்ல வேளை, அன்றைக்கு அவருக்கும் முடியவில்லை. தன் சொல்லாக இருந்தால் இவ்வளவு காபந்து பண்ணியிருப்பாரா என்பது சந்தேகம். ஓரகத்தியின் சொல்லை யார் தப்பாகப் பயன்படுத்தினாலும் அவருக்குப் பொறுக்காது. பொறாமையும் ஒரு வகைக் காவல்தான் போலிருக்கிறது.

அந்தக் கோடையில் மகள் கைப்பந்து ஆடப் போய் முட்டி பிசகிக்கொண்டு வந்தாள். ஆஸ்பத்திரியில் பிசியோதெரபி பார்க்கச் சொன்னார்கள். அங்கே ஒரு பெண்மணி தினமும் அவள் காலை நீட்டி மடக்கி, கயிறு கட்டி இழுத்துச் சரி பண்ணினார். முட்டி தேறியது. பரீட்சை முடிவு வந்தது, கணக்கில் மகள் பள்ளிக்கே முதல். கல்லூரிக்கு என்ன எடுக்கப்போகிறாள் என்பதில் மேல்வீட்டுக்கும் கீழ்வீட்டுக்கும் சந்தேகமே இல்லை. கணக்குதான். அந்தக் கணக்கை யாருக்காக எடுப்பாள், அம்மாவுக்காகவா, சித்திக்காகவா என்பதுதான் அகராதியின் ஒரே கவலை. 

மகள் சாப்பாட்டுத் தட்டின் முன்னால் சாதாரணமாகச் சொன்னாள். “நான் பிசியோதெரபி சேரப்போறேன்.”

அகராதிக்குக் காது அடைத்துவிட்டது. மெக்கானிக், “அது நட்டு போல்ட்டு சரி பண்ற வேலை மாதிரிதானே, நல்லதுதான்” என்று எழுந்து போய்விட்டார். மகளும் தோழி வீட்டுக்குக் கிளம்பிவிட்டாள். கொஞ்ச நேரத்தில் படியேறி வந்தது டீச்சர். கீழே செய்தி ஏற்கெனவே போயிருந்தது. வந்தவர் வாசலிலேயே நின்று முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டு அழுதார்.

“அவ எனக்குப் புள்ள மாதிரி அக்கா. அவளுக்காகத்தான் அந்தக் கிளாசே எடுத்தேன்.”

“அவ அழறதப் பாத்ததும் எனக்கு மொதல்ல வந்தது என்ன தெரியுமா?” என்று அகராதி என்னிடம் கேட்டார். “சந்தோஷம். அப்பாடா, உனக்கும் கெடைக்கலன்னு. நல்லா வயிறு நெறையற மாதிரி சந்தோஷம்.” பிறகு, அந்த அழுகை நிற்காமல் போய்க்கொண்டே இருந்ததாம். பார்த்துக்கொண்டே நிற்க முடியாமல் போய் அடுப்பில் டீக்கு வைத்தாராம். இத்தனை வருடத்தில் டீச்சருக்கென்று தனியாக அவர் போட்ட முதல் டீ அது. இரண்டு பேரும் மாடிப்படியில் பக்கத்துப் பக்கத்துப் படியாக உட்கார்ந்து குடித்தார்கள்.

“நான் ரொம்பக் கணக்கு கணக்குன்னு சொல்லி வெறுக்க வச்சுட்டேனாக்கா?”

“நீ மட்டுமா? ரெண்டு பேரும் ஆளுக்கொரு பக்கம் இழுத்தோம். முட்டி பிசகாம என்ன பண்ணும்?”

டீச்சர் மூக்கை உறிஞ்சிக்கொண்டே சிரித்தார். பிறகு அவரே ஆரம்பித்தார்.

“எல்லாம் அந்த ஆஸ்பத்திரிக்காரியால வந்தது. எப்பப் பாத்தாலும் அவ பேச்சுத்தான். மேடம் அப்படிச் சொன்னாங்க, மேடம் இப்படிச் சிரிச்சாங்க.”

“நீ பாத்திருக்கியா அவள?”

“ஒரு தடவ. கூட்டிட்டுப் போனப்போ.”

“எப்படி இருப்பா?”

“சுமாராத்தான் இருப்பா. குரல்கூட ஒரு மாதிரி கரகரன்னு.”

“பின்ன அப்படி என்னதான் இருக்காம் அவகிட்ட?” என்று அகராதி கேட்டார். டீச்சர் டம்ளரைப் படியில் வைத்துவிட்டு, இன்னும் கொஞ்சம் நெருங்கி உட்கார்ந்தார்.